பரங்கிமலைக் கோயிலும் அதன் சிலுவைக் கல்வெட்டும்

நம் இலக்கிய வட்டம் தொடங்கப்பெற்ற முதலாண்டில், திருநீர்மலைச் சுற்றுப்புறத்து வரலாறு பற்றித் திங்கட்கூட்டம் ஒன்றில் பேசும் வாய்ப்பு எனக்குக் கிட்டியது. பேச்சின் வேகத்தில், பரங்கிமலைத் தேவாலயத்தின் பீடத்தில் பதிக்கப்பட்டுள்ள சிலுவைக் கல்லைச் சுற்றிப் பழந்தமிழ் வட்டெழுத்துப் பொறிக்கப்பட்டுள்ளது என்று கூறிவிட்டேன். அவையினர் கைதட்டி மகிழ்ந்தனர். கூட்டம் முடிந்தபின், வட்டத்தின் மூத்த உறுப்பினர் ஒருவர் அருகில் வந்து, பிறர் செவியிற் படாதவாறு, "அம்மா, அந்தக் கல்லை நீங்கள் நேரில் பார்த்ததுண்டா?" என்று கேட்டார். நான் பார்த்ததில்லை. எங்கோ படித்தேன் என்றுகூடச் சொல்ல இயலாது. எவரோ சொல்லக் கேட்டதை நானும் சொன்னேன். முனைவர் பட்ட ஆய்வேட்டின் அடிக்குறிப்புகளை மும்முறை சரிபார்த்த நான், மேடையில் ஒருமுறைகூடச் சரிபாராமற் பேசியிருந்தேன். பத்தாண்டு நிறைவு மலருக்குக் கட்டுரை வேண்டும் எனப் பணிக்கப்பட்டபோது, அந்தக் கடனைத் தீர்ப்பதே முறை என்று தோன்றிற்று.

திருநீர்மலைக் குன்றின்மீது, அரங்கநாதர் சன்னிதிக்கு வெளியே நின்று வடகிழக்கே நோக்கினால், பல்லாவரத்துக் குன்றுகளையும் மீனம்பாக்கத்து விமான ஓடுதளத்தையும் கடந்து பரங்கிமலை தெரியும். ஏறத்தாழ முந்நூறு அடி உயரமே உள்ள குன்று அது. எனினும் கடற்கரைச் சமவெளியில் அவ்வுயரமே பெரிதாகையால், கடலிலிருந்து வருவோர் கண்ணுக்கு முதலில் புலப்படும் அடையாளங்களுள் ஒன்றாக அது நெடுங்காலம் இருந்தது. நம் குன்றில் நின்றவாறும் இருந்தவாறும் கிடந்தவாறும் நடந்தவாறும் திருமால் நான்கு கோலங்கொண்டு விளங்குகிறார். நீர்வண்ணர் அடிவாரத்தில் நிற்க, நரசிம்மரும் அரங்கரும் உலகளந்தாரும் மேலே உறைகின்றனர். திருமங்கையாழ்வாரும் பூதத்தாழ்வாரும் பாடிய திவ்வியதேசம் இது. மலையைச் சூழ்ந்த நீர் வடியுமளவும் திருமங்கை மன்னர் ஆறு திங்கள் காத்திருந்து பின்னரே ஏறிச் சேவித்தார் என்பது தலவரலாறு. இக்குன்றைப் பற்றி நம் வட்டத்தில் பலரும் எழுதியுள்ளனர். எதிரே தெரியும் அக்குன்றைப் பற்றி எழுதினாரில்லை. ஊரின் கண்ணெதிரே இருப்பதை ஊரார் காணாதிருப்பது வியப்பன்று.

பரங்கிமலை என்னும் பெயரே ஆராய்தற்குரியது. ஐரோப்பாவின் பிராங்கு மக்களைக் குறித்த சொல், அரபு பாரசீக மொழிகளில் மேலைநாட்டார் அனைவரையும் குறிக்கும் பொதுப்பெயராகி, வணிகர் வாயிலாகத் தென்னாட்டுத் துறைமுகங்களை அடைந்து, தமிழில் 'பறங்கி' என்றும் 'பரங்கி' என்றும் வழங்கலாயிற்று. போர்த்துக்கீசியர் வந்து குடியேறியபின் அவர்தம் மலை பரங்கிமலையாயிற்று. இதற்கு மாறாக, பிருங்கி முனிவர் தவமியற்றிய இடமாதலின் பிருங்கிமலை என்பதே பழம்பெயர் என்றும், அதுவே திரிந்து பரங்கிமலையாயிற்று என்றும் ஆதம்பாக்கத்து நந்தீசுவரர் கோயிலையொட்டிய மரபு கூறும். இரண்டனுள் ஒன்றைத் தேர்ந்தே ஆகவேண்டும் என்று சிலர் வழக்காடுவதைக் கேட்டிருக்கிறேன். ஒரு குன்றுக்கு இரு சாராரும் தத்தம் நினைவைப் பெயராகச் சூட்டியிருப்பின் அதிற் குன்றுக்கு இழப்பொன்றுமில்லை. கத்தோலிக்கப் பெருமக்கள் புனித தோமையார் மலை என்பர். சைதாப்பேட்டையை அடுத்துள்ள சின்னமலையை நோக்க இதனைப் பெரியமலை என வழங்குவாரும் உளர்.

வடபுறத்து அடிவாரத்தில் நான்கு வளைவுகளும் உச்சியில் பெருஞ்சிலுவையும் உடைய நுழைவாயில் நிற்கிறது. அதன்மேல் 1547 என்னும் ஆண்டு பொறிக்கப்பட்டுள்ளது. அங்கிருந்து 135 கற்படிகள் மேலே செல்கின்றன. வண்டிகள் செல்லும் பாதை வேறொன்று உண்டாயினும், இக்கோயிலின் வரலாற்றை அறிய விரும்புவோர் படியேறிச் செல்வதே தக்கது. ஏனெனில் அப்படிகளே வரலாற்றின் ஒரு பகுதி. பதினெட்டாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் சென்னையில் வாழ்ந்த ஆர்மீனிய வணிகர் கோஜா பெட்ரூஸ் உஸ்கான் தம் பொருட்செலவில் அவற்றை அமைத்தார். நகரிலிருந்து இம்மலைக்கு வருவோர் அடையாற்றைக் கடக்கப் படும் துன்பத்தைக் கண்டு, 1726 ஆம் ஆண்டில் சைதாப்பேட்டையருகே அவ்வாற்றுக்குப் பாலம் கட்டுவித்தவரும் அவரே. மர்மலாங் பாலம் எனப்பட்ட அதனிடத்தில் 1960-களில் புதுப்பாலம் எழுந்து, மறைமலையடிகள் பெயரைப் பெற்றது. தனித்தமிழ் இயக்கத்தின் தந்தையாகிய அடிகள் 1911 முதல் பல்லாவரத்தில் வாழ்ந்தவர், 1950-இல் மறைந்தவர். பல்லாவரத்திலிருந்து நகருக்கும் நகரிலிருந்து பல்லாவரத்துக்கும் அவர் எத்தனை முறை அந்த ஆர்மீனியரின் பாலத்தைக் கடந்திருப்பார் என்று எண்ணிப் பார்க்கிறேன். உஸ்கான் 1751-இல் இறந்தபோது அவர் உடல் வேப்பேரியில் அடக்கம் செய்யப்பெற்றது. அவர் விருப்பப்படி இதயம் மட்டும் பாரசீகத்து ஜுல்ஃபா நகருக்கு, அவர் முன்னோர் வாழ்ந்த ஊருக்கு, அனுப்பப்பெற்றது என்பர். கவிஞர்களுக்கு இதற்கு மேல் நான் ஒன்றும் சொல்ல வேண்டியதில்லை.

படியேறி மேற்சென்றால் கோயில் சிறிதாகவே தோன்றும். சாந்தோமிலோ வேளாங்கண்ணியிலோ காணும் வானளாவிய கோபுரங்களை எதிர்பார்த்து வருவோர் ஏமாற்றமடைவர். வெண்சுதை பூசிய எளிய முகப்பு. உள்ளே நீண்டதொரு கூடம். அதன் முடிவில் பீடம். சுவர்களில் இயேசுவின் சீடர்களைச் சித்திரிக்கும் பழைய ஓவியங்கள். பீடத்தின் மேற்பகுதியில் மரியன்னையின் படம் ஒன்று உளது. அது நற்செய்தியாளர் லூக்காவால் தீட்டப்பெற்றுத் தோமையாரால் கொணரப்பெற்றது என்பது வழிவழி வந்த நம்பிக்கை. கலைவரலாற்றாளர் அதனை ஏற்பதரிது. எனினும் அப்படத்தின்முன் மெழுகுதிரி ஏற்றி நிற்கும் தாய்மாரிடம் கலைவரலாறு பேசப் புகுவது அறிவுடைமையாகாது என்பது என் கருத்து.

இங்கிலாந்தின் இடைக்காலப் பங்குக் கோயில்களைப் பற்றிப் படிக்கும்போது ஒரு செய்தி என் கவனத்தை ஈர்த்தது. அங்கே கோயிற்கட்டடத்தின் இரு பகுதிகளுக்கும் இருவேறு பொறுப்பாளர் இருந்தனர். பீடம் அமைந்த பகுதியைப் பேணுதல் குருவின் கடமை. மக்கள் நின்று வழிபடும் கூடத்தைப் பேணுதல் ஊராரின் கடமை. ஆகவே கூரை வேயவும் மணி வார்க்கவும் ஊரார் காசு திரட்டிய கணக்கேடுகள் பல இன்றும் எஞ்சியுள்ளன. ஊரின் வரலாற்றை அக்கணக்குகளே கூறிவிடுகின்றன. நம் திருக்கோயில்களில் அப்பணியைச் செய்வன கல்வெட்டுகள். யார் நிலம் கொடுத்தார், யார் விளக்கெரிக்க ஆடு கொடுத்தார் என்பதையெல்லாம் அதிட்டானத்திலேயே படித்துவிடலாம். பரங்கிமலைக் கோயில் இவ்விரண்டு வகையிலும் அடங்காது. அதனை எழுப்பியோர் ஊரார் அல்லர். கடலோடிகளும் வணிகரும் துறவியரும். ஒரு தலைமுறை கட்டியதை மறு தலைமுறை மறந்து, புதிதாக வந்தோர் தோண்டிக் கண்டெடுத்து, தம் மொழியில் விளக்கம் கூறிக்கொண்டனர். எழுதியவரும் படித்தவரும் ஒருவரையொருவர் அறியாதவர்களாகவே இருந்து வந்துள்ளனர். இக்கோயிலின் சுவையும் சிக்கலும் இதில்தான் உள்ளன.

போர்த்துக்கீசியர் வந்த கதை சுருக்கமாக இது. 1517-ஆம் ஆண்டளவில் ஆர்மீனிய வணிகர் சிலர் வழிகாட்ட, தியோகோ பெர்னாந்தசு முதலிய போர்த்துக்கீசியர் மயிலாப்பூரில் தோமையார் கல்லறை எனப் போற்றப்பட்ட இடத்தைக் கண்டனர். 1523-இல் அங்கே திருப்பணி தொடங்கியது. மலைமேலுள்ள கோயிலுக்கும் அவ்வாண்டையே தொடக்கமாகக் கூறுவது வழக்கம். 1547-இல் மலையுச்சியிற் பழைய இடிபாடுகளினிடையே கோயிலுக்கு அடித்தளம் தோண்டியபோது கல் ஒன்று வெளிப்பட்டது. அதன்மேற் சிலுவை ஒன்று புடைப்பாகச் செதுக்கப்பட்டிருந்தது. சிலுவையைச் சுற்றி அவர்கள் அறியாத எழுத்துகள் இருந்தன. கல்லில் குருதிக்கறை போன்ற செந்நிறத் திட்டுகளைக் கண்டு, தோமையார் இக்கல்லைத் தழுவியவாறே குத்துண்டு இறந்தார் என முடிவு கட்டினர். அக்கல்லைப் பீடத்தில் பதித்துக் கோயிலைக் கட்டினர். 1558 டிசம்பர் 18-ஆம் நாள், வழிபாடு நடந்துகொண்டிருக்கையில் அக்கல் வியர்த்தது எனத் திருச்சபையார் எழுதிவைத்துள்ளனர். இவ்வாறு வியர்ப்பது 1704 வரை அவ்வப்போது நிகழ்ந்ததாகக் கூறுவர். டிசம்பர் 18 மரியன்னையின் எதிர்பார்ப்புத் திருநாளாதலின், கோயிலும் எதிர்பார்ப்பின் அன்னைக்கே உரியதாயிற்று. மகப்பேற்றை எதிர்நோக்கியிருக்கும் அன்னை என்பது பொருள்.

இனிக் கல்லைக் காண்போம். கருநிறக் கல்லில் அமைந்த புடைப்புச் சிற்பம் அது. சிலுவையின் நான்கு முனைகளும் மொட்டுகளாக முடிகின்றன. கீழே இதழ் விரித்தாற்போன்ற இலை வடிவங்கள் சிலுவையைத் தாங்குகின்றன. மேலிருந்து புறா ஒன்று தலைகீழாக இறங்கி வருகிறது. இருமருங்கும் தூண்கள், தூண்களின்மேல் மகரங்கள், மகர வாயிலிருந்து எழும் வளைவு சிலுவைக்குமேல் தோரணமாகக் கவிந்துள்ளது. நம் கோயில்களில் மகர தோரணத்தைப் பார்த்துப் பழகிய கண்ணுக்கு இது புதிதன்று. சிலுவை மேற்றிசையது, புறா நற்செய்தியினது, தோரணம் நம் நாட்டுச் சிற்பியர் அறிந்தது. சிலுவையில் இயேசுவின் திருமேனி இல்லை என்பதும் நோக்கத்தக்கது. பாடுகளைக் காட்டும் சிலுவையன்று இது, தளிர்க்கும் சிலுவை. தோரண வளைவை ஒட்டியே எழுத்துகள் செல்கின்றன. அவை வட்டெழுத்தல்ல, கிரந்தமல்ல, தமிழல்ல. முதன்முறை அதன்முன் நின்றபோது, என் பழைய பேச்சை நினைத்து என் செவிகள் சிவந்தன.

அவ்வகையில் எனக்கு ஒரு முன்னோடி உண்டு என்பதை அறிந்தபோது சற்றே ஆறுதல் கொண்டேன். கல் வெளிப்பட்ட சில ஆண்டுகளில், 1560-களின் தொடக்கத்தில், இவ்வெழுத்துகளைப் படிக்கவல்லார் யாரெனப் போர்த்துக்கீசியர் தேடினர். விசயநகர நாட்டிலிருந்து கற்றறிந்த அந்தணர் ஒருவர் வரவழைக்கப்பட்டார். அவர் கல்லைப் பார்த்தார், படித்தார், பொருளும் கூறினார். ஒவ்வோர் எழுத்தும் ஒரெழுத்தன்று, பத்தும் பதினைந்தும் சொற்களை அடக்கிய குறியீடு என்பது அவர் விளக்கம். அவ்விளக்கத்தின்படி, இறைமகன் கன்னியிடம் பிறந்ததும், சீடர் தோமையார் மயிலாப்பூர் வந்ததும், அரசர்க்கு அறம் உரைத்ததும், இறுதியிற் கொலையுண்டதும் என ஒரு வரலாறு முழுதுமே அச்சிறு வரியில் அடங்கியிருந்தது. கேட்டவர் மகிழ்ந்தனர், எழுதி ஐரோப்பாவுக்கு அனுப்பினர், 1600-இல் அச்சேறிய நூல்களிலும் அது இடம்பெற்றது. முந்நூறு ஆண்டுகள் அவ்வாசிப்பே நின்றது.

அந்த அந்தணரை எள்ளி நகையாட எனக்கு மனமில்லை. படிக்கத் தெரியவில்லை என்று கூற அவர் நாணியிருக்கலாம். அழைத்தவர் எதைக் கேட்க விரும்பினர் என்பதை அறிந்து அதையே கூறியிருக்கலாம். கேட்போர் முகத்தில் எழும் மகிழ்ச்சி, சொல்வோனைச் சொல்லவைத்துவிடும். அவையில் கைதட்டல் எழுந்தபோது எனக்கு நேர்ந்ததும் அதுவே. போர்த்துக்கீசியர்க்கு அக்கல் தோமையாராகத் தோன்றியது. எனக்கு அது தமிழாகத் தோன்றியது.

உண்மை வாசிப்பின் வாயிலைத் திறந்தவர் ஆர்தர் பர்னெல். தென்னிந்திய எழுத்தியல் பற்றிய முதல் பெருநூலை 1874-இல் வெளியிட்டவர். தஞ்சைச் சரசுவதி மகால் வடமொழிச் சுவடிகளுக்கு அட்டவணை தொகுத்தவர். நாற்பத்திரண்டாம் வயதிலேயே 1882-இல் மறைந்தவர். 1873-இல் அவர் இவ்வெழுத்து பஹ்லவி எனக் காட்டினார். இசுலாத்துக்கு முற்பட்ட சாசானியப் பேரரசின் காலத்துப் பாரசீகர் எழுதிய எழுத்து அது. ஏழு அல்லது எட்டாம் நூற்றாண்டினது என அவர் கணித்தார். ஏழு முதல் ஒன்பது வரையுள்ள நூற்றாண்டுகளுக்குள்ளேயே பின்வந்தோரும் அதனை அடக்குகின்றனர். எழுத்து இன்னதென அறிந்தபின்னும் பொருள் எளிதில் தெளிவுறவில்லை. பர்னெல், ஜெர்மானிய அறிஞர் ஹாவுக், ஆங்கிலேயர் வெஸ்ட் ஆகிய மூவரும் படித்தனர். மூன்றும் மூன்று விதமாக இருந்தன. கிறித்துவின் பாடுகளையும் சிலுவையையும் பற்றிய சமயக்கோட்பாட்டு வாசகம் என்பதுவரை மட்டுமே அவை ஒத்தன.

இதற்குக் காரணம் அவர்தம் புலமைக் குறைவன்று. பஹ்லவி எழுத்தின் இயல்பு. அதில் ஒலிகள் பல, வடிவங்கள் சில. ன, வ, ர ஆகிய ஒலிகள் ஒரே வடிவத்தைப் பகிர்ந்துகொள்ளும். உயிரொலிகள் பெரும்பாலும் எழுதப்படுவதில்லை. ஏட்டுச்சுவடியோடு பழகிய நம்மவர்க்கு இத்துன்பம் நன்கு விளங்கும். புள்ளியில்லாத மெய், ரகரமும் காலும் ஒன்றாகத் தோன்றும் வரி, எகர ஏகாரங்களுக்கும் ஒகர ஓகாரங்களுக்கும் வேறுபாடற்ற வடிவம் என எத்தனை இடர்ப்பாடுகள்! வீரமாமுனிவர் அவ்வேறுபாட்டை வரிவடிவிற் காட்ட முயன்றதும், உ.வே. சாமிநாதையர் ஒரு பாடத்தைத் தெளிய ஆண்டுக்கணக்கிற் காத்திருந்ததும் இதனாலன்றோ? சுவடியில் ஒரு பாடம் ஐயமாயின் வேறொரு சுவடியைத் தேடலாம், யாப்பு உதவும், எதுகை உதவும். கல்லில் இருப்பதோ ஒரே வரி.

ஆயினும் வேறு சுவடிகள் இல்லாமற் போகவில்லை. கோட்டயத்து வலிய பள்ளியிலும் முட்டுச்சிறையிலும் கடமற்றத்திலும் இதேபோன்ற சிலுவைக் கற்கள் உள. அவற்றிலும் ஏறத்தாழ இதே வாசகம் காணப்படுகிறது. இவற்றை ஒப்பிட்டு, 1920-களில் வின்க்வொர்த் என்னும் அறிஞர் முற்றிலும் புதியதொரு வாசிப்பை அளித்தார். அவர் கருத்துப்படி இது கோட்பாட்டு வாசகமன்று, வேண்டுதல். என் ஆண்டவராகிய கிறித்துவே, சகார்புக்தின் மகனும் சிரியனுமாகிய அப்ராசு என்பானுக்கு இரங்குக, இதனைச் செதுக்கியவன் அவனே என்னும் கருத்துப்பட அது அமைந்துள்ளது. அதன்பின் படித்தவர்களுள் ஒருவர் மகன் பெயரைக் காபிரியேல் என்றார். மற்றொருவர் சபரீசோ என்றார். தந்தை பெயரில் பெரிதும் உடன்பாடு உண்டு. அவன் இச்சிலுவையைச் செதுக்கினானா, செய்வித்தானா, கொண்டுவந்தானா என்பதிலும் இன்னும் ஒருமைப்பாடு இல்லை. தன் பெயர் நிலைக்க வேண்டுமென்று கல்லிற் பொறித்தவனுடைய பெயரே ஐயத்துக்குரியதாகி, பெற்றவனுடைய பெயர் மட்டும் நிற்கிறது.

முந்நூறு ஆண்டு நம்பியிருந்த திருத்தூதர் வரலாறு இவ்வாறு ஒரு தனிமனிதனின் ஒற்றை வேண்டுதலாகச் சுருங்கியது. சிலர்க்கு இது இழப்பாகத் தோன்றலாம். எனக்கோ அவ்வாறு தோன்றவில்லை. தோமையார் இங்கு வந்தார் என்பதை இக்கல் நிறுவவில்லை. வரவில்லை என்பதையும் நிறுவவில்லை. அவர் காலத்துக்கு அறுநூறு எழுநூறு ஆண்டுகள் பிற்பட்டது இது. ஆனால் பல்லவர் காலத்தில் இக்கடற்கரையில் பாரசீகக் கிறித்தவர் வாழ்ந்தனர் என்பதையும், அவர்க்கு இக்குன்றின்மேல் வழிபாட்டிடம் இருந்தது என்பதையும் இக்கல் கூறுகிறது. அதுவே பெரிய செய்தி.

அக்காலத்துக் கடல்வழியை நோக்கினால் இதில் வியப்பில்லை. ஆறாம் நூற்றாண்டில் எழுதிய காஸ்மாஸ் என்னும் கிரேக்கப் பயணி, ஈழத்திலும் மேலைக்கடற்கரையிலும் பாரசீகத் தொடர்புடைய கிறித்தவக் குழுக்கள் இருந்தமையைக் குறித்துள்ளார். அநுராதபுரத்தில் 1912-இல் அகழ்ந்தெடுக்கப்பட்ட சிலுவைக் கல் இதன் உறவினர் எனத்தக்கது. கொல்லத்தில் கி.பி. 849-இல் வேணாட்டு அய்யனடிகள் திருவடி அளித்த செப்பேடு, சபிர் ஈசோ என்பார் நிறுவிய தரிசாப்பள்ளிக்கு நிலமும் உரிமைகளும் வழங்குகிறது. வட்டெழுத்தில் அக்கால மேலைக்கடற்கரைத் தமிழில் எழுதப்பட்ட அச்செப்பேட்டின் இறுதியிற் சான்றாளர் கையொப்பமிட்டுள்ளனர். சிலர் அரபு எழுத்தில், சிலர் எபிரேய எழுத்தில், சிலர் பஹ்லவியில். ஒரே செப்பேட்டில் வட்டெழுத்தும் பஹ்லவியும் அருகருகே நிற்பதை நினைக்கும்போது, என் பழைய தவறு முற்றிலும் வேரற்றதன்று என்று ஒரு கணம் எண்ணத் தோன்றும். ஆயினும் அது கொல்லத்தில், பரங்கிமலையிலன்று.

தரிசாப்பள்ளி என்பதிலுள்ள பள்ளி என்னும் சொல்லை இங்கே சற்று நின்று நோக்கவேண்டும். பாண்டி நாட்டுக் குகைகளில் சமண முனிவர் படுத்த கற்படுக்கைகள் பள்ளி எனப்பட்டன. அவர்தம் கோயிலும் பள்ளி. அதற்கு விட்ட நிலம் பள்ளிச்சந்தம். பௌத்தர் உறைவிடமும் பள்ளியே. சோழ அரசர் சிலர் அடக்கமான இடத்தில் எழுந்த கோயில் பள்ளிப்படை. இசுலாமியர் தொழுமிடம் பள்ளிவாசல். கேரளக் கிறித்தவர்க்கு இன்றும் தேவாலயம் பள்ளிதான். பிள்ளைகள் படிக்குமிடம் பள்ளிக்கூடம். நம் குன்றில் அரங்கர் பள்ளிகொண்டிருக்கிறார். கிடத்தல் என்னும் ஒரு பொருளினின்று கிளைத்து, எல்லாச் சமயத்தாரும் வந்து தங்கிச் செல்ல இடமளித்த சொல் இது. தமிழகத்துக் கத்தோலிக்கர் பிற்காலத்தில் இதனை விட்டு மாதா கோயில் என்றும் வேதக்கோயில் என்றும் வழங்கினர். அதுவும் நன்றே. ஆனால் பரங்கிமலையில் முதன்முதல் எழுந்த அப்பழைய வழிபாட்டிடத்தை அக்காலத்து அண்டையூரார் எப்பெயரிட்டு அழைத்திருப்பர் என்று கேட்டால், பள்ளி என்றே அழைத்திருப்பர் என நான் ஊகிக்கிறேன். ஊகம் என்பதை அழுத்திச் சொல்லிவிடுகிறேன்.

அந்நூற்றாண்டுகளில் இச்சுற்றுப்புறம் எவ்வாறு இருந்தது? பல்லாவரத்துக் குன்றில் ஏழாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் மகேந்திரவர்மன் குடைவித்த குகைக் கோயிலின் உத்தரங்களில் அவன் விருதுப்பெயர்கள் பொறிக்கப்பட்டுள்ளன. இன்று அது இசுலாமியப் பெருமக்களின் வழிபாட்டிடமாக விளங்குகிறது. திருமங்கையாழ்வாரை எட்டு ஒன்பதாம் நூற்றாண்டினராக அறிஞர் கருதுவர். அவ்வாறாயின், ஆழ்வார் நீர்மலையைப் பாடிய காலமும், சகார்புக்தின் மகன் எதிர்க்குன்றில் தன் வேண்டுதலைப் பொறித்த காலமும் பெரிதும் விலகியிருக்க இயலாது. ஒருவர் பாட்டு நமக்கு முழுமையாகக் கிடைத்தது. மக்கள் நாவில் வாழ்ந்ததால் கிடைத்தது. மற்றவன் வரியைச் சொல்ல நாவில்லை. அவன் குலத்தார் எப்போது இவ்விடம் விட்டு நீங்கினர், ஏன் நீங்கினர் என்பதற்குக் கல்லில் விடையில்லை.

தோமையார் மரபு மட்டும் உலகெங்கும் பேசப்பட்டு வந்தது. மூன்றாம் நூற்றாண்டளவில் சிரிய மொழியில் எழுந்த 'தோமாவின் பணிகள்' அவர் கொந்தபோரசு என்னும் இந்திய அரசனிடம் சென்றதாகக் கூறும். கட்டுக்கதை என்றே அதனைப் பலரும் ஒதுக்கியிருந்தனர். பத்தொன்பதாம் நூற்றாண்டில் வடமேற்கிந்தியாவில் அவ்வரசன் நாணயங்கள் வெளிப்பட்டபின், பெயரளவிலேனும் அதில் வரலாறு உண்டு எனத் தெளிந்தனர். இங்கிலாந்து மன்னர் ஆல்பிரட் 883-ஆம் ஆண்டையொட்டி இந்தியாவிலுள்ள தோமையாருக்குக் காணிக்கை அனுப்பினார் என்று அந்நாட்டுப் பழைய ஆண்டுக்குறிப்பு கூறும். அங்கும் ஒரு பாடவேறுபாடு காத்திருக்கிறது. சில ஏடுகளில் இந்தியா என்னுமிடத்தில் யூதேயா எனப் படிக்கும்படி எழுத்து அமைந்துள்ளது. ஓரெழுத்து மாறினால் காணிக்கை மயிலைக்கு வாராது எருசலேமுக்குப் போய்விடும்!

பதின்மூன்றாம் நூற்றாண்டின் இறுதியில் இக்கரைக்கு வந்த மார்க்கோ போலோ கேட்டறிந்து எழுதிய கதை வேறுவகையானது. தோமையார் தம் குடிலுக்கு வெளியே இறைவனை வேண்டிக்கொண்டிருந்தார். அவரைச் சுற்றி மயில்கள் திரிந்தன. மயிலை நோக்கி வேடன் எய்த அம்பு தவறி அவர்மேற் பட்டது. கொலையன்று, கைப்பிழை. அவ்விடத்து மண்ணை எடுத்துச் சென்று நோயுற்றோர்க்குக் கொடுப்பர் என்றும், கிறித்தவர் மட்டுமன்றிப் பிறரும் அங்கு வழிபட வருவர் என்றும் அவர் எழுதுகிறார். மயிலாப்பூரின் பெயர் அறிந்த நமக்கு அக்கதையில் மயில்கள் வந்த வழி புலனாகும். போர்த்துக்கீசியர் காலத்துக்குமுன் நம் மக்கள் சொன்ன கதை மயிலும் வேடனும் உடையது. ஈட்டியும் குருதியும் பின்னர் வந்தன. இரண்டனுள் எதை நீங்கள் விரும்புகிறீர்கள் என்று என் மாணாக்கியரைக் கேட்டேன். வகுப்பு முழுதும் மயிலையே தேர்ந்தது.

பிற்காலச் செய்திகளை விரிக்க வேண்டியதில்லை. 1759 பிப்ரவரியில் ஆங்கிலேயரும் பிரெஞ்சுக்காரரும் மலையடிவாரத்திற் பொருதனர். 1769-இல் ஐதர் அலியின் குதிரைப்படை இம்மலைவரை வந்து கும்பினியாரை உடன்படிக்கைக்கு இணங்கச் செய்தது. 1774 முதல் பீரங்கிப்படையின் தலைமையிடமாயிற்று. 1802 ஏப்ரல் 10-ஆம் நாள் வில்லியம் லாம்டன் இம்மலையடியிலிருந்து தெற்கே பெரும்பாக்கம் நோக்கி ஏழரை மைல் நீளத்துக்கு அடிக்கோடு ஒன்றை அளக்கத் தொடங்கினார். இமயம்வரை நீண்ட நில அளவைக்கு அதுவே தோற்றுவாய். 1986 பிப்ரவரி 5-இல் போப்பாண்டவர் இரண்டாம் ஜான் பால் இம்மலைக்கு வந்து வழிபட்டார். 2002-இல் செங்கற்பட்டு மறைமாவட்டம் அமைந்தபோது இக்கோயில் அதற்குள் வந்தது. இத்தனை ஆரவாரங்களுக்கிடையிலும் பீடத்தில் அக்கல் அசையாதிருக்கிறது.

இக்கட்டுரையை எழுதுமுன் ஒரு காலை மீண்டும் படியேறிச் சென்றேன். வழிபாடு முடிந்து கூட்டம் கலையும்வரை காத்திருந்து, பீடத்தருகே நின்று, வளைவை ஒட்டிச் செல்லும் அவ்வெழுத்துகளை, பொருள் அறியாமலே, என் குறிப்பேட்டில் வரைந்துகொண்டேன். வலமிருந்து இடமாகச் செல்லும் எழுத்தை இடமிருந்து வலமாக எழுதிப் பழகிய கை வரைவது எளிதன்று, மூன்றுமுறை அழித்தெழுதினேன். அன்று மாலை, அம்மூத்த உறுப்பினர் இல்லத்துக்குச் சென்றேன். முழங்கால் வலியால் இப்போது கூட்டங்களுக்கு வருவதில்லை அவர். குறிப்பேட்டை வாங்கி, கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு, நெடுநேரம் பார்த்தார்.

"தமிழில்லை, ஐயா. பாரசீக எழுத்து. ஒருவன் தனக்கு இரங்கும்படி வேண்டிக்கொள்கிறான்" என்றேன்.

"யார் அவன்?"

"சகார்புக்து என்பவரின் மகன்."

"மகன் பெயர் என்னம்மா?"

அப்ராசு, காபிரியேல், சபரீசோ என மூன்றையும் சொன்னேன். எதுவென்று இன்னும் முடிவாகவில்லை என்பதையும் சொன்னேன். அவர் குறிப்பேட்டை மூடாமல், என் பக்கமே திருப்பி, எந்த இடத்தில் அந்தப் பெயர் இருக்கிறது என்று விரல் வைத்துக் காட்டச் சொன்னார்.